மூன்றில் தொடங்கிய ஸ்கேன்

போன வாரம் அஞ்சு போனில் கூப்பிட்டாள். மட்டாஞ்சேரியில் நான் முப்பத்தோரு வருஷம் வேலை பார்த்த ஆஸ்பத்திரியில், கம்ப்யூட்டர் பிரிவில், இப்போது என் நாற்காலியில் உட்கார்ந்திருப்பவள். "இத்தா, அந்த மூலைக் கம்ப்யூட்டர எடுத்து மாத்தப் போறாங்க. அலமாரியில மஞ்சக் கடலாசு நாலு கெட்டு இரிக்கு. கீறிக் களையட்டா?" என்றாள். மஞ்சள் தாள்களையெல்லாம் கிழித்துப் போட்டுவிடவா என்று கேட்கிறாள். இத்தா என்றால் அக்கா, அங்கே எல்லோருக்கும் நான் இத்தாதான்.

ஏன் என்றேன். இனி எல்லாம் லிங்க்தானாம். யாரும் ஃபைலைத் துண்டு துண்டாக அனுப்ப மாட்டார்களாம். சரி, மகாராணி, உன் இஷ்டம் என்று போனை வைத்தேன்.

அன்று சாயங்காலமே பக்கத்து வீட்டு சேட்டன் போனைத் தூக்கிக்கொண்டு வந்தார். துபாயிலிருந்து பேரனின் பிறந்தநாள் வீடியோ வந்திருக்கிறது, ஏழு துண்டாக. திறக்க மாட்டேன் என்கிறதாம். எண்ணிப் பார்த்தேன், ஆறுதான் இருந்தது. ஏழாவது எங்கே என்று கேட்டேன். "அது மட்டும் ரொம்பச் சின்னதா இருந்துச்சு இத்தா. வேஸ்ட்டுன்னு டெலீட் பண்ணிட்டேன்," என்றார் பெருமையாக.

எனக்கு வந்த ஆத்திரத்தில்தான் இதை எழுத உட்கார்ந்தேன். அஞ்சுவுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது, அதனால் தைரியமாகவே எழுதுகிறேன்.

விஷயம் ஒன்றும் பிரம்ம வித்தை இல்லை. பெரிய ஃபைல் ஒரே தடவையில் போகாது. அதனால் அதைச் சுருக்கி, சம அளவில் துண்டு போட்டு அனுப்புகிறார்கள். பார்ட் ஒன்று, பார்ட் இரண்டு என்று பெயர் வரும். எல்லாத் துண்டையும் ஒரே ஃபோல்டரில் வைக்க வேண்டும். பெயரை மாற்றக் கூடாது. முதல் துண்டை மட்டும் திறந்தால் போதும், மற்றவற்றை அதுவே தேடிச் சேர்த்துக்கொள்ளும். கடைசித் துண்டு மட்டும் சிறியதாக இருக்கும், ஏனென்றால் அது மிச்சம். மிச்சம் என்றால் வேஸ்ட் இல்லை. இதை எத்தனை பேருக்குப் படித்துப் படித்துச் சொல்லியிருப்பேன்! செவிடன் காதில் ஊதிய சங்குதான்.

நான் டைப்பிஸ்ட்டாகச் சேர்ந்தவள். ராவுத்தர் வீட்டுப் பெண் வேலைக்குப் போவதா என்று கேட்டவர்களுக்கெல்லாம் என் அத்தா பதில் சொல்லிக்கொண்டிருந்தார், நான் எர்ணாகுளத்துக்குப் போட் பிடித்து மூன்று மாதக் கம்ப்யூட்டர் கோர்ஸ் முடித்தேன். ஃபிளாப்பி காலத்தில் ஆரம்பித்து, சிடி, பென் டிரைவ் என்று ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டேன். படித்தது இவ்வளவுதான். மற்றதெல்லாம் பட்டுத் தெரிந்துகொண்டது.

பட்டதில் பெரியது ஒன்று. ஒரு நாள் மருந்து விலைப்பட்டியல் என்று மெயிலில் மூன்று துண்டு ஃபைல் வந்தது. இரண்டுதான் இறங்கியது. அனுப்பியவர் யாரென்று எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளவும் பார்க்கவில்லை. ஸ்டோர்க்காரர் பின்னால் நின்று அவசரப்படுத்தினார். உடைந்த ஃபைலானாலும் பரவாயில்லை, வந்த அளவுக்குப் பிரித்துக் கொடு என்று கேட்க அந்தச் சாஃப்ட்வேரில் ஒரு வழி உண்டு. அதை அமுக்கினேன். உள்ளேயிருந்து பில் மாதிரி ஒன்று வந்தது. அதையும் அமுக்கினேன். பில் இல்லை, வைரஸ். மத்தியானத்துக்குள் ஓ.பி. கவுண்டர் முழுக்க ஸ்கிரீன் உறைந்துவிட்டது. இரண்டு நாள் டோக்கனைக் கையால் எழுதிக் கொடுத்தார்கள். ஆழம் தெரியாமல் காலை விட்டவள் நான், வரிசையில் வெயிலில் நின்றவர்கள் நோயாளிகள்.

அப்போது எங்கள் பிரிவுக்குப் புதிதாக மேலதிகாரியாக வந்திருந்தவர் ஷைனி மேடம். என்னைவிடப் பன்னிரண்டு வயது இளையவர். திருச்சூர் பக்கம். அவர் மலையாளத்தில் பேசுவார், நான் தமிழில் பதில் சொல்வேன். கடைசிவரை அப்படியே ஓடியது. அன்று அவர் திட்டியிருந்தால் நானும் திருப்பிக் கத்தி மனசு ஆறியிருப்பேன். திட்டவில்லை. இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு என் ஸ்கிரீனுக்கு முன்னால் வந்து நின்றார்.

"இத்தா, எத்ர எண்ணம் வந்நு?"

"மூணுல ரெண்டு மேடம்."

"மூந்நாமத்தேது எவிடே?" மூன்றாவது எங்கே என்று கேட்கிறார்.

மறுநாள் காலையில் வந்து பார்த்தால், மூலையில் ஒரு பழைய கம்ப்யூட்டர். அதன் நெட்வொர்க் வயரை மேடம் கத்தரிக்கோலால் வெட்டியே விட்டிருந்தார். பக்கத்தில் ஒரு கட்டு மஞ்சள் தாள். வெளியிலிருந்து எந்த ஃபைல் வந்தாலும் முதலில் அந்தத் தாள், பிறகு அந்த மூலை, அதற்கப்புறம்தான் மற்றது.

அந்தத் தாளை நான் எவ்வளவு வெறுத்தேன் என்று சொல்லி முடியாது. யார் அனுப்பியது, யார் கொண்டுவந்தது, மொத்தம் எத்தனை, ஒவ்வொன்றின் முழுப் பெயர், அளவு. அளவை அவர் ஒவ்வொரு எண்ணாக வாசிப்பார், நான் திருப்பிச் சொல்லி எழுத வேண்டும். வாசலில் டாக்டர் நின்று கத்திக்கொண்டிருப்பார், இவர் "ஒன்பது, ஒன்பது, ஆறு" என்று நிதானமாகச் சொல்லிக்கொண்டிருப்பார். கை அப்போதும் முதுகுக்குப் பின்னால்தான். ஏன் இப்படி நிற்கிறீர்கள் என்று ஒரு தடவை கேட்டேன். முன்னால் இருந்தால் கை தானாக மவுஸுக்குப் போய்விடும் என்றார். எழுதி முடித்தபின் நகல் எடுக்க வேண்டும். கட் பண்ணி எடுக்கக் கூடாது, அசல் வந்த இடத்திலேயே இருக்க வேண்டும். பிறகு, பிரிக்காமலே எல்லாத் துண்டும் பழுதில்லாமல் இருக்கிறதா என்று சோதிக்க வேண்டும். பிறகு உள்ளே என்னென்ன இருக்கிறது என்று பட்டியலை மட்டும் பார்க்க வேண்டும். கடைசியில்தான், ஒன்றுமில்லாத புது ஃபோல்டரில், வேண்டியதை மட்டும் பிரிக்க வேண்டும். ஒரு எக்ஸ்ரேக்கு இத்தனை சடங்கா என்று பல்லைக் கடித்துக்கொண்டுதான் எழுதினேன்.

சிவகாமியம்மா விஷயம் நான் ஓய்வு பெறுவதற்கு முந்தைய வருஷம் நடந்தது.

அறுபத்தெட்டு வயது, சர்க்கரை நோயாளி. தலைமுறையாக மட்டாஞ்சேரியில் இருக்கும் தமிழ்க் குடும்பம். யூதர் தெருவான ஜூ டவுன் பக்கம் சுக்கு, மிளகு வியாபாரம். காலையில் அந்த அம்மாவுக்கு இரண்டு தடவை வலிப்பு வந்து கொண்டுவந்து சேர்த்திருந்தார்கள். ஸ்கேனில் தலைக்குள் ஒரு நிழல் தெரிந்தது. மூன்று வருஷத்துக்கு முன்பு, மஸ்கட்டில் மூத்த மகன் வீட்டில் இருந்தபோது, அதே இடத்தில்தான் கட்டி எடுத்திருக்கிறார்கள். இது பழைய வடுவா, கட்டி மறுபடி வளர்கிறதா? வடு என்றால் மருந்து போதும். வளர்கிறது என்றால் மண்டையைத் திரும்பத் திறக்க வேண்டும். "இந்த வயசில், இந்தச் சர்க்கரையில் திறந்தால், எழுந்து உட்காருவாங்கன்னு என்னால வாக்குக் கொடுக்க முடியாது," என்று சர்ஜன் மகன்களிடம் நேராகவே சொல்லிவிட்டார். முதல் ஆபரேஷன் முடிந்து ஆறு மாதத்தில் மஸ்கட்டில் எடுத்த ஸ்கேனைக் கொண்டுவந்தால் பக்கத்தில் வைத்துப் பார்த்துச் சொல்கிறேன், இல்லையென்றால் நாலு மணிக்கு நான் முடிவெடுத்தாக வேண்டும் என்றார். ஐந்து மணிக்கு ஆபரேஷன் தியேட்டரும் சொல்லி வைத்தாயிற்று.

ஒரு மணிக்கு மூன்று மகன்கள் எங்கள் அறைக்கு வந்தார்கள். அந்த மூவரில் பெரியவர் கணேசன் ஒரு பென் டிரைவை நீட்டினார். "அண்ணன் முந்தாநாளே ஸ்கேனை மஸ்கட்டுல இருந்து போனுக்கு அனுப்பிச்சிட்டாரு. அம்மாவுக்குத் தலைவலின்னதும் அனுப்பிச்சது. எல்லாம் இதுல இருக்கு. சீக்கிரம் மேடம்."

இருந்தது இரண்டே ஃபைல். 'அம்மா 1', 'அம்மா 2'.

விசாரித்ததில் கதை வெளியே வந்தது. அண்ணன் ஸ்கேனைத் துண்டுகளாக்கி, யாருக்கும் குறை வைக்கக் கூடாது என்று, ஆளுக்கு இரண்டாகப் பங்கு வைத்து அனுப்பியிருக்கிறார். ஒருத்தருக்கு மட்டும் அனுப்பினால் மற்றவர் முகத்தைத் தூக்குவார்களாம். மஸ்கட்டிலிருந்து சட்டைத்துணி வந்தாலும் பேரீச்சம்பழம் வந்தாலும் அந்த வீட்டில் அப்படித்தானாம். சட்டைத்துணியும் ஸ்கேனும் ஒன்றா? அதோடு விட்டார்களா? ஒவ்வொருவரும் தனக்கு வந்த இரண்டுக்கும் 'அம்மா 1', 'அம்மா 2' என்று பெயர் மாற்றி வைத்திருக்கிறார்கள். மூன்று பேருடையதையும் ஒரே பென் டிரைவில் போடும்போது, இதே பெயரில் ஒன்று இருக்கிறதே, அதை அழித்துவிட்டு இதை வைக்கவா என்று கம்ப்யூட்டர் கேட்டிருக்கிறது. ஆமாம் என்று அமுக்கியிருக்கிறார் கணேசன். ஒரு தடவை இல்லை, நாலு தடவை.

"கேட்டதைப் படிச்சுப் பார்த்தீங்களா?" என்றேன்.

"டென்ஷன்ல யாரு படிப்பா?"

தலையில் அடித்துக்கொண்டேன். அவர் தலையில் இல்லை, என் தலையில்தான்.

ஷைனி மேடம் கையைப் பின்னால் கட்டியபடி மூன்று போனையும் மேஜையில் வைக்கச் சொன்னார். அசல் போனில் இருக்குமல்லவா? இரண்டு பேருடைய மெசேஜில் பழைய பெயர் அப்படியே இருந்தது. கணேசனுடையது மூன்றும் நாலும். அடுத்தவருடையது ஐந்தும் ஆறும். கடைசித் தம்பி மட்டும் போனில் இடம் இல்லை என்று மெசேஜையெல்லாம் துடைத்துவிட்டு, பெயர் மாற்றிய ஃபைலை மட்டும் வைத்திருந்தார். அதனால் ஒன்றும் முழுகிப் போகவில்லை. எத்தனையாவது துண்டு என்று ஃபைலின் உள்ளேயே எழுதியிருக்கும், திறக்காமலே பார்க்கலாம். பார்த்தோம். ஏழும் எட்டும். எட்டாவது மற்றவற்றைவிடச் சிறியது, ஆகவே அதுதான் கடைசி. மஞ்சள் தாளில் எழுதினேன்: மூன்று, நாலு, ஐந்து, ஆறு, ஏழு, எட்டு.

மேடம் தாளைப் பார்த்தார். "ஒந்நும் ரண்டும்?"

"அவ்வளவுதான் மேடம். எங்க மூணு பேருக்கும் ஆளுக்கு ரெண்டு, மொத்தம் ஆறு," என்றார் கணேசன்.

"உங்களுது மூணுல தொடங்குதே," என்றேன் நான். "அப்ப ஒண்ணும் ரெண்டும் யாருக்குப் போச்சு?"

மூன்று பேரும் ஃபேனைப் பார்த்தார்கள். கடைசித் தம்பி நல்ல வேலை செய்வதாக நினைத்து, முதல் துண்டு இல்லாமலே திறக்கிற சாஃப்ட்வேர் ஒன்றை ஏதோ ஒரு சைட்டிலிருந்து இறக்கி வைத்திருக்கிறேன் என்றார். "அதை இந்த ரூமுக்குள்ள கொண்டுவந்தீங்க, போனோட சேர்த்து ஜன்னல் வழியா காயல்ல எறிஞ்சிருவேன்," என்றேன். இது எல்லாப் படங்களையும் ஒன்றாக இறுக்கிக் கட்டிய ஃபைல். முதல் துண்டு இல்லாமல் ஒரு படம்கூட வராது. எந்தச் சாஃப்ட்வேராலும் இல்லாததைக் கொண்டுவர முடியாது.

மஸ்கட் அண்ணனைக் கூப்பிடலாம் என்றால் அவர் விமானத்தில் இருந்தார். இறங்க ஆறு மணி ஆகும். சிடி அங்கே வீட்டு அலமாரியில். மஸ்கட் ஆஸ்பத்திரிக்குப் போன் போட்டோம். அன்று வெள்ளிக்கிழமை, ரிக்கார்டு பிரிவில் யாரும் இல்லை.

இரண்டே கால் ஆயிற்று. கணேசன் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "அக்காவுக்குப் போயிருக்கும்."

அக்கா தனலட்சுமி. காயலுக்கு அக்கரையில், வைப்பின் தீவில் கட்டிக்கொடுத்திருந்தார்கள். முதல் ஆபரேஷனின்போது அம்மாவுக்குத் தலையில் கட்டி என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. கடைசித் தம்பி சொல்லியிருப்பான் என்று கணேசனும், கணேசன் சொல்லியிருப்பார் என்று நடுத் தம்பியும் இருந்துவிட்டார்கள். எல்லாம் முடிந்து நாலாம் நாள், மீன் வாங்கப் போன இடத்தில் யாரோ ஒரு பெண், அம்மா இப்ப எப்படி இருக்காங்க என்று கேட்டுத்தான் அவருக்கே தெரிந்திருக்கிறது. அந்தச் சண்டையில் இவர்களோடு பேச்சு நின்றது. மஸ்கட் அண்ணன் எதையும் சமமாகப் பங்கு வைக்க ஆரம்பித்ததும் அதிலிருந்துதான். இந்த மூன்று புண்ணியவான்களும் அன்று ஒரு மணியிலிருந்து ஆறு துண்டுதான் என்று என்னிடம் சாதித்துக்கொண்டிருந்தார்கள், அக்காவுக்கு ஒரு போன் போட வேண்டி வருமே என்பதற்காக. மேலே வார்டில் அம்மா கிடக்கிறார்!

"நம்பர் சொல்லுங்க," என்றேன்.

"நம்பர் இல்ல மேடம்."

"இருக்கும். பிளாக் பண்ணினவங்க பட்டியலைத் திறங்க."

இருந்தது. ஆஸ்பத்திரி போனிலிருந்து நானே கூப்பிட்டேன். யார், எதற்கு என்று சொன்னேன். "இருக்கு," என்றார் அந்த அம்மாள். "அண்ணன் அனுப்பினது ரெண்டு இருக்கு. ஒண்ணு வைரஸ் மாதிரி இருக்கு, அழிச்சிடுன்னு எம் பொண்ணு சொன்னா. நான் அழிக்கல. அம்மாவோடதாச்சே."

"வைப்பின்ல இருந்து அடுத்த போட் எத்தனை மணிக்கு? மூணுக்குள்ள வர முடியுமா?"

"நான் வைப்பின்ல இல்லீங்க. உங்க ஆஸ்பத்திரி சாயாக்கடையில இருக்கேன். அண்ணன் போன் பண்ணிச் சொன்னாரு, காலையில எட்டரைக்கே வந்துட்டேன். யாராச்சும் கூப்பிடுவாங்கன்னு இருக்கேன்."

நான் போனை வைத்துவிட்டு மூன்று பேரையும் பார்த்தேன். சொல்ல வந்த வார்த்தையை எழுத முடியாது. சொன்னேன் என்பதை மட்டும் எழுதிக்கொள்கிறேன்.

தனலட்சுமி மேலே வந்தார். தம்பிகள் பக்கம் திரும்பவில்லை. போனை என் கையில் கொடுத்தார். இரண்டு ஃபைலையும் மூலைக் கம்ப்யூட்டருக்கு நகல் எடுத்தேன். இரண்டாவது வந்தது. முதலாவது வந்த வேகத்தில் மறைந்தது. ஸ்கிரீனில் சிவப்புப் பெட்டி, ஆண்டிவைரஸ் அதைத் தூக்கிக்கொண்டுபோய் அடைத்துவிட்டது.

"பார்த்தீங்களா? வைரஸ்! வைரஸைக் கொண்டுவந்திருக்கா!" என்று கத்தினார் கணேசன். அஞ்சு அப்போது புதிது. "ஆண்டிவைரஸ் ஓஃப் ஆக்கட்டே?" என்று அதை அணைக்க அனுமதி கேட்டபடியே மவுஸை நோக்கிக் கையைக் கொண்டுபோனாள்.

"தொடண்டா," என்றார் ஷைனி மேடம், எப்போதும் பேசுகிற அதே குரலில். தொடாதே. "இத்தா, சிவப்பில் எந்தாணு எழுதியிரிக்குந்நது? வாயிக்கூ."

வாசித்தேன். வைரஸ் இருக்கிறது என்று எழுதியிருக்கவே இல்லை. எக்ஸி வகை ஃபைல், அனுமதி இல்லை, தடுக்கப்பட்டது. அவ்வளவுதான். யார் வேண்டுமானாலும் தொட்டதும் திறக்கட்டும் என்று அந்த மகராசன் மஸ்கட்டில் முதல் துண்டைத் தானே பிரிகிற மாதிரி செய்திருக்கிறார். அப்படிச் செய்தால் முதல் துண்டின் தலையில் ஒரு சின்ன புரோகிராம் ஒட்டிக்கொள்ளும், பெயர் எக்ஸி என்று முடியும். எக்ஸி என்றால் எங்கள் ஆஸ்பத்திரி கம்ப்யூட்டர் வாசலிலேயே பிடித்து நிறுத்தும். நான்தான் அப்படி அமைத்து வைத்தேன்.

அசல் போனில் பத்திரமாக இருந்தது. கட் பண்ணி எடுத்திருந்தால் அதுவும் போயிருக்கும். மேடம் அளவைச் சொல்லச் சொன்னார். ஒவ்வொரு எண்ணாகச் சொன்னேன். இரண்டாவது துண்டும் அதே, மூன்றாவதும் அதே, கடைசி எண் வரை. இவற்றோடு வெட்டிய துண்டு இதுவும் என்பதற்கு அது ஒரு சாட்சி. அதை மட்டும் நம்பிவிடவும் இல்லை. மூலைக் கம்ப்யூட்டரில், அந்த ஒரு ஃபைலுக்கு மட்டும் தடையை நீக்கி, முதலில் வைரஸ் இருக்கிறதா என்று தனியாகத் தேடினோம். ஒன்றும் இல்லை. அப்போதும் அதை இரண்டு தடவை அமுக்கி ஓட விடவில்லை. சுருக்குகிற சாஃப்ட்வேரை முதலில் திறந்து, அதற்குள்ளிருந்து இந்த ஃபைலைத் திறந்தால், தலையில் ஒட்டிய புரோகிராம் தூங்கிக்கொண்டே இருக்கும். உள்ளே இருப்பது மட்டும் தெரியும்.

எட்டுக்கும் அசல் பெயரைத் திருப்பி வைத்தேன். சோதனை போட்டேன். மூன்று மணி பத்து. பச்சைக் கோடு நகர்ந்தது. ஐந்தில் கொஞ்சம் நின்றது. ஆறு, ஏழு, எட்டு. பிழை இல்லை. பட்டியலில் படங்கள் ஒரு ஃபோல்டர், சிடியோடு வந்த படம் பார்க்கிற புரோகிராம் ஒன்று. புரோகிராமைத் தொடவில்லை. படங்களை மட்டும் புது ஃபோல்டரில் பிரித்து, மறுபடி ஆண்டிவைரஸ் போட்டு, மூன்று முப்பத்தைந்துக்கு டாக்டரின் அறைக்குக் கொண்டுபோனோம்.

சர்ஜன் பழைய படத்தையும் புதுப் படத்தையும் அடுத்தடுத்து வைத்து நகர்த்தினார். எத்தனை நேரம் பார்த்தார் என்று எனக்குத் தெரியாது, நான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். "அதே அளவு, அதே இடம்," என்றார். "ரெண்டரை வருஷமா அசையல. வடுதான். வலிப்புக்கு மருந்து கொடுப்போம். திறக்க வேண்டாம்." தியேட்டருக்குப் போன் போட்டு வேண்டாம் என்று சொன்னார். கணேசன் அங்கேயே தரையில் உட்கார்ந்து குழந்தை மாதிரி அழுதார். கோபம் எனக்குப் போகவில்லை. ஆனால் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தேன்.

மூன்றாம் நாள் சிவகாமியம்மாவை வீட்டுக்கு அனுப்புகிற நேரம், பழைய ஸ்கேனையும் புது ஸ்கேனையும் ஒரே சிடியில் போட்டு வார்டுக்கு எடுத்துப் போனேன். மஸ்கட் அண்ணனும் வந்திருந்தார். மூன்று தம்பிகள் கட்டிலின் ஒரு பக்கம், தனலட்சுமி இன்னொரு பக்கம்.

"நாலு காப்பி போட்டுக் கொடுத்தீங்கன்னா ஆளுக்கு ஒண்ணு வெச்சுக்குவோம் மேடம்," என்றார் மஸ்கட் அண்ணன். பட்டும் புத்தி வராதவர்.

"ஒண்ணுதான். யாருகிட்ட கொடுக்க?" என்றேன் எரிச்சலோடு.

சிவகாமியம்மா கையை நீட்டினார். சிடியை வாங்கித் தனலட்சுமி மடியில் வைத்தார். "இவகிட்ட இருக்கட்டும்," என்றார். "எனக்குத் திரும்ப வந்தா, வேணுங்கறவன் இவகிட்டப் பேசி வாங்கிட்டு வரட்டும்."

கணேசன் கட்டிலைச் சுற்றித் தனலட்சுமி பக்கம் வந்தார்.

"அக்கா," என்றார்.

"என்னடா?" என்றார் தனலட்சுமி.